குரல் ஏன் ஒரு மாதிரி இருக்கு?

முன்பின் தெரியாத பெரியவர்கள் முன்னால் ஒரு சிறுமி நிற்கிறாள். தயாரிப்பு எதுவும் இல்லாமல் அவர்களிடம் பேச வேண்டும். பிறகு அவர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கணக்குப் போட வேண்டும். பெரியவர்களுக்கே வியர்த்துவிடும் வேலை இது. அமெரிக்காவின் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் லெஸ்லி செல்ட்ஸர் குழுவினர் நடத்திய பரிசோதனையில், ஏழரை முதல் பன்னிரண்டு வயது வரையிலான சிறுமிகள் இந்தச் சோதனையைக் கடந்து வந்தார்கள். முடித்தவுடன் அவர்களை நான்கு பிரிவாகப் பிரித்தார்கள். முதல் பிரிவினர் அம்மாவை நேரில் பார்த்தார்கள். இரண்டாம் பிரிவினர் அம்மாவோடு தொலைபேசியில் பேசினார்கள். மூன்றாம் பிரிவினருக்கு அம்மாவின் ஆறுதல் கணினித் திரையில் எழுத்தாக வந்தது. நான்காம் பிரிவினருக்கு யாரும் இல்லை.

பதற்றத்தின்போது உடலில் ஏறும் கார்ட்டிசோல், நெருக்கத்தின்போது சுரக்கும் ஆக்ஸிடோசின் ஆகிய இரண்டு ஹார்மோன்களையும் ஆய்வாளர்கள் அளந்தார்கள். நேரில் பார்த்தவர்களுக்கும் போனில் பேசியவர்களுக்கும் கார்ட்டிசோல் இறங்கியிருந்தது, ஆக்ஸிடோசின் ஏறியிருந்தது. எழுத்தில் ஆறுதல் பெற்ற சிறுமிகளின் உடலோ அம்மாவோடு தொடர்பே கொள்ளாத சிறுமிகளின் உடலைப் போலவே இருந்தது. அதே அம்மாதான், அதே அன்புதான் எழுத்தில் வந்தது. படித்துப் புரிந்துகொண்டது மூளை. உடம்பு அதை வாங்கிக்கொள்ளவில்லை. 2012-இல் வெளியான ஆய்வு இது.

தமிழ் வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இந்த முடிவு பெரிய வியப்பைத் தராது. வெளியூர் விடுதியில் தங்கிப் படிக்கும் பிள்ளையை அம்மா கூப்பிடுகிறார். "சாப்டியா?" என்று கேட்கிறார். "சாப்ட்டேன்மா" என்று பதில் வருகிறது. ஒரு நொடி மௌனம். "ஏன் குரல் ஒரு மாதிரி இருக்கு?" அந்தக் கேள்வியில் பிள்ளை பிடிபட்டுவிடும். இன்று அதே உரையாடல் வாட்ஸ்அப்பில் நடக்கிறது. ‘சாப்டியா’ என்று எழுத்து போகிறது, ‘ம்’ என்று ஓர் எழுத்தும் ஒரு கட்டைவிரல் படமும் திரும்பி வருகின்றன. காட்டிக்கொடுக்க அங்கே குரல் இல்லை.

தனிமை என்ற சொல்லைத் தமிழில் இரண்டு பொருளில் ஆள்கிறோம். விரும்பித் தேடிக்கொள்ளும் தனிமைக்கு ஏகாந்தம் என்று வேறு பெயரும் உண்டு, அதில் துன்பமில்லை. ஆய்வாளர்கள் அளப்பது மற்றொன்றை. வேண்டும் என்று மனம் தேடும் உறவுக்கும், கையில் இருக்கும் உறவுக்கும் நடுவே உள்ள இடைவெளி அது. ஆகவே கல்யாண மண்டபத்தில் ஐந்நூறு பேருக்கு நடுவே உட்கார்ந்திருக்கும் ஒருவருக்கும் அது இருக்கலாம். தோப்பு வீட்டில் தனியே வசிக்கும் ஒருவருக்கு இல்லாமலும் இருக்கலாம். இதை அளக்கப் பயன்படும் கேள்வித்தாள்களில் ஒன்றில் மூன்றே கேள்விகள்தான். துணை இல்லை என்று எவ்வளவு அடிக்கடி தோன்றுகிறது? ஒதுக்கப்பட்டதாக எவ்வளவு அடிக்கடி தோன்றுகிறது? மற்றவர்களிடமிருந்து துண்டிக்கப்பட்டதாக எவ்வளவு அடிக்கடி தோன்றுகிறது? ‘நீங்கள் தனிமையில் வாடுகிறீர்களா’ என்று நேரடியாகக் கேட்கும் கேள்வி அதில் கிடையாது. நேராகக் கேட்டால் பலரும் இல்லை என்றுதான் சொல்வார்கள்.

சிகாகோ பல்கலைக்கழகத்தின் ஜான் கசியோப்போ, 2018-இல் இறக்கும்வரை, இந்த உணர்ச்சியை ஆராய்வதிலேயே பல ஆண்டுகளைச் செலவிட்டவர். தனிமையைக் குணக்கேடாகவோ நோயாகவோ அவர் பார்க்கவில்லை. பசியையும் தாகத்தையும் போல அதுவும் உடல் அடிக்கும் மணி என்றார். கூட்டமாக வாழ்ந்தால்தான் பிழைக்க முடியும் என்றிருந்த விலங்கினம் மனித இனம். கூட்டத்தை விட்டு விலகினால் வலிக்க வேண்டும். வலித்தால்தான் திரும்பிப் போகத் தோன்றும்.

அந்த ஒப்புமை எவ்வளவு தூரம் மெய் என்பதை மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் லிவியா டோமோவா, ரெபெக்கா சாக்ஸ் ஆகியோர் சோதித்துப் பார்த்தார்கள். நாற்பது பேரை ஒரு நாள் பத்து மணி நேரம் ஜன்னல் இல்லாத அறையில் தனியாக வைத்தார்கள். போன் இல்லை. மற்றொரு நாள் அதே பத்து மணி நேரம் சாப்பாடு இல்லை. இரண்டு நாளும் முடிவில் அவர்களை எம்.ஆர்.ஐ. கருவிக்குள் படுக்க வைத்துப் படங்களைக் காட்டினார்கள். பட்டினி கிடந்த நாளில் உணவின் படத்தைக் கண்டதும் நடுமூளையின் ஒரு பகுதி தூண்டப்பட்டது. தனித்திருந்த நாளில், மனிதர்கள் கூடிச் சிரித்துப் பேசும் படத்தைக் கண்டதும் அதே பகுதி தூண்டப்பட்டது. 2020-இல், கொரோனாவால் உலகமே அறைக்குள் முடங்கியிருந்த ஆண்டில், இந்தக் கட்டுரை வெளிவந்தது. அதில் இன்னொரு செய்தியும் இருந்தது. முன்பிருந்தே நெடுங்காலமாகத் தனிமையில் இருந்தவர்களுக்கு அந்தத் தூண்டல் குறைவாக இருந்தது. பசித்துப் பசித்து, பசியே மரத்துப்போன நிலையைத்தான் அது நினைவூட்டுகிறது.

மணி அடித்துக்கொண்டே இருந்து, யாரும் வராவிட்டால் என்ன ஆகும்? முதலில் தூக்கம் கெடுகிறது. தனிமையில் வாடுபவர்கள் படுக்கையில் கிடக்கும் நேரம் குறைவதில்லை. ஆனால் இரவில் சின்னச் சின்ன விழிப்புகள் கூடுகின்றன. தெற்கு டகோட்டாவில் ஹட்டரைட் என்னும் கிறிஸ்தவச் சமூகத்தார் வாழ்கிறார்கள். சொத்து பொது, வயல் பொது, சாப்பாட்டுப் பந்தியும் பொது. அங்கே 95 பேரை ஆராய்ந்தபோதுகூட, தனிமை உணர்வு கூடுதலாக இருந்தவர்களின் தூக்கம்தான் அதிகம் துண்டுபட்டிருந்தது. காவலுக்கு ஆளில்லாத இடத்தில் தூங்கும் விலங்கைப் போல மூளை அரைக்கண் திறந்தே படுத்திருக்கிறது என்பது கசியோப்போ தந்த விளக்கம். பகலிலும் அந்த உஷார் நிலை நீடிக்கிறது. பிறர் முகத்தில் வெறுப்பு தெரிகிறதா, பேச்சில் ஏளனம் இருக்கிறதா என்று மூளை தேடிக்கொண்டே இருக்கிறது. தேடினால் கிடைத்தும் விடுகிறது. நண்பர் பதில் அனுப்பத் தாமதமானால், வேலையாக இருப்பார் என்று மற்றவர்கள் நினைக்கும் இடத்தில், தன்னைத் தவிர்க்கிறார் என்று இவர்களுக்குத் தோன்றுகிறது. மனிதர்கள் தேவைப்படும் நேரத்தில் மனிதர்கள்மீது சந்தேகம் வருவதுதான் இந்த நிலையின் கொடுமை.

இதன் விலையை ஆய்வாளர் ஜூலியான் ஹோல்ட்-லன்ஸ்டாட் 2010-இல் கணக்கிட்டுக் காட்டினார். 148 ஆய்வுகளில் இடம்பெற்ற 3,08,849 பேரின் தரவுகளைத் தொகுத்தபோது, வலுவான உறவுகள் உள்ளவர்கள் உயிரோடு இருக்கும் வாய்ப்பு மற்றவர்களைவிட 50 சதவீதம் அதிகம் என்று தெரிந்தது. உலக சுகாதார நிறுவனத்தின் ஆணையம் 2025 ஜூனில் வெளியிட்ட அறிக்கை, உலகில் ஆறு பேரில் ஒருவர் தனிமையால் பாதிக்கப்பட்டிருப்பதாகச் சொல்கிறது. அதோடு தொடர்புள்ள சாவுகள் ஆண்டுக்கு 8,71,000-க்கு மேல். மணிக்கு ஏறக்குறைய நூறு. பிரிட்டன் 2018-லும் ஜப்பான் 2021-லும் இதற்கென அமைச்சர்களையே நியமித்தன.

எல்லாவற்றுக்கும் கைப்பேசிதான் காரணம் என்று சொல்லிவிடுவது எளிது. ஆய்வுகள் அவ்வளவு எளிதாக அதைச் சொல்ல விடுவதில்லை. பிட்ஸ்பர்க் நகரில் 73 வீடுகளுக்குக் கணினியும் இணையமும் கொடுத்து, அந்த வீடுகளிலிருந்த 169 பேரை ராபர்ட் கிரவுட் குழுவினர் தொடர்ந்து கவனித்தார்கள். இணையத்தை அதிகம் பயன்படுத்தியவர்கள் வீட்டில் பேசுவது குறைந்தது, தனிமை உணர்வு கூடியது என்று 1998-இல் எழுதினார்கள். உலகெங்கும் அது தலைப்புச் செய்தியானது. நான்கு ஆண்டுகள் கழித்து அதே குழு மறுபடியும் எழுதியது: பெரும்பாலான பாதிப்புகள் மறைந்துவிட்டன. கூடவே, புதிதாக எடுத்த மற்றொரு குழுவில் ஒரு கூறு தென்பட்டது. இயல்பாகவே கலகலப்பாகப் பழகுபவர்களுக்கு இணையம் நன்மை செய்தது. ஒதுங்கியிருக்கும் இயல்புள்ளவர்களுக்கு அது தனிமையைக் கூட்டியது. இருப்பவர்க்கே மேலும் சேரும் என்கிற கதைதான். தங்கள் முதல் முடிவைத் தாங்களே திருத்தி வெளியிட்ட அந்த நேர்மைக்காகவும் இந்த ஆய்வை நினைவில் வைக்கலாம்.

பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மெலிசா ஹன்ட் 2018-இல் 143 மாணவர்களை வைத்து வேறொன்றைப் பார்த்தார். ஒரு பிரிவினர் ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம், ஸ்நாப்சாட் ஒவ்வொன்றிலும் நாளுக்குப் பத்து நிமிடம் மட்டும் இருந்தார்கள். மற்றவர்கள் வழக்கம்போல இருந்தார்கள். மூன்று வாரத்தில் முதல் பிரிவினரின் தனிமை உணர்வும் மனச்சோர்வும் குறைந்தன. முழுக்க விடச் சொல்லவில்லை; அளவாகப் பயன்படுத்தச் சொன்னார்கள், அவ்வளவுதான்.

ஆனால் திரை எத்தனை மணி நேரம் எரிகிறது என்பதைவிட, அதில் எதைக் காட்டுகிறோம், எதை மறைக்கிறோம் என்பது முக்கியமான கேள்வி. ஸ்டான்ஃபோர்டில் அலெக்சாண்டர் ஜோர்டன் குழுவினர் செய்த ஆய்வு 2011-இல் வெளியானது. சண்டை, நிராகரிப்பு, ஏமாற்றம் போன்ற வருத்தங்கள் உங்களுக்கு எத்தனை முறை வந்தன, உங்கள் சக மாணவர்களுக்கு எத்தனை முறை வந்திருக்கும் என்று மாணவர்களிடம் கேட்டார்கள். மற்றவர்களின் துயரத்தை எல்லோரும் குறைத்தே மதிப்பிட்டார்கள். மற்றவர்களின் மகிழ்ச்சியைக் கூட்டி மதிப்பிட்டார்கள். காரணம் கண்டுபிடிக்கச் சிரமமில்லை. மகிழ்ச்சி நாலு பேர் நடுவே நடக்கிறது. அழுகை குளியலறையில், போர்வைக்குள், கடைசிப் பேருந்தின் ஜன்னலோரத்தில் நடக்கிறது. அப்படியே வெளியே வந்தாலும் முகத்தைத் துடைத்துக்கொண்டுதான் வருகிறோம். பிறர் துயரத்தை எவ்வளவு குறைத்து மதிப்பிட்டார்களோ அவ்வளவுக்கு அந்த மாணவர்களிடம் தனிமை உணர்வு மிகுந்திருந்தது. தனக்கு மட்டும்தான் இப்படி என்று ஒவ்வொருவரும் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

இந்த மறைப்பை நாம் சிறுவயதிலேயே கற்றுக்கொள்கிறோம். என்னாச்சு என்று கேட்டால் ‘ஒண்ணுமில்ல’ என்பது நம்மிடம் கிட்டத்தட்ட மரியாதைச் சொல். வீட்டில் இருப்பவர்களைக் கவலைப்படுத்தக் கூடாது என்ற நல்லெண்ணமும் அதில் கலந்திருக்கிறது. வளைகுடா நாட்டில் வேலை பார்ப்பவர் வீட்டுக்கு அனுப்பும் படம் பெரும்பாலும் கடற்கரையிலோ கடைவீதியிலோ எடுத்ததாக இருக்கும். எட்டுப் பேர் படுக்கும் அறையின் படமாக இருப்பது அரிது. மனம் சரியில்லை என்று சொல்லக் கூசுபவர்கள் தலைவலி என்கிறார்கள், வயிறு சரியில்லை என்கிறார்கள், உடம்பெல்லாம் அசதி என்கிறார்கள். பொய் சொல்கிறார்கள் என்று பொருளில்லை. வலி நிஜமாகவே அங்கே வருகிறது. அதனால் போக வேண்டிய மருத்துவரிடம் போகாமல் ஸ்கேன் எடுத்துக்கொண்டே காலம் கழிகிறது. பெங்களூருவின் நிம்ஹான்ஸ் மனநல நிறுவனம், தமிழ்நாடு உட்பட 12 மாநிலங்களில் 2015-16-இல் நடத்திய தேசிய மனநல ஆய்வின்படி, மனநலச் சிகிச்சை தேவைப்பட்டும் பெறாதவர்களின் பங்கு நோய்க்கு நோய் மாறி 70 முதல் 92 சதவீதம் வரை இருந்தது.

மறைப்பவருக்கு மட்டும்தான் பாரம் என்று நினைத்தால் அதுவும் தவறு. எமிலி பட்லர், ஜேம்ஸ் கிராஸ் ஆகியோர் 2003-இல் வெளியிட்ட பரிசோதனையில், அறிமுகமில்லாத இரண்டிரண்டு பெண்கள் மனத்தைக் கலக்கும் ஒரு படத்தைப் பார்த்துவிட்டு அதைப் பற்றிப் பேசிக்கொண்டார்கள். சில ஜோடிகளில் ஒருவரிடம் மட்டும், உணர்ச்சியை வெளிக்காட்ட வேண்டாம் என்று ரகசியமாகச் சொல்லியிருந்தார்கள். எதிரே இருந்தவருக்கு அது தெரியாது. ஆனாலும் அவருடைய ரத்த அழுத்தம் ஏறியது. ஏதோ சரியில்லை என்பது உடம்புக்கு முதலில் தெரிந்துவிடுகிறது. என்ன என்றுதான் தெரிவதில்லை.

மறைத்தது வேறு வழியில் கசிவதும் உண்டு. ஆண்ட்ரூ ரீஸ், கிறிஸ்டோபர் டான்ஃபோர்த் ஆகிய இருவரும் 166 பேர் இன்ஸ்டாகிராமில் போட்ட 43,950 படங்களைக் கணினியால் அலசி, 2017-இல் முடிவுகளை வெளியிட்டார்கள். மனச்சோர்வு உள்ளவர்களின் படங்களில் நீலமும் சாம்பல் நிறமும் இருளும் கூடுதலாக இருந்தன. அவர்கள் ஃபில்டரைப் பயன்படுத்தும்போது படத்தைக் கறுப்பு வெள்ளையாக்கும் ஃபில்டரையே அதிகம் தேர்ந்தெடுத்தார்கள். மருத்துவர் நோயைக் கண்டறிவதற்கு முன்பு போட்ட படங்களிலேயே இந்தச் சாயல் இருந்தது. இதை வைத்துக்கொண்டு தெரிந்தவர்களின் டிபியைப் பார்த்து நோயைச் சொல்லக் கிளம்பிவிடக் கூடாது. பல நூறு படங்களின் சராசரியில் தெரியும் வேறுபாடு அது. இருந்தாலும், வாயால் சொல்ல முடியாத ஒன்றை விரல்கள் நிறமாகத் தேர்ந்தெடுத்திருக்கின்றன என்பதை எளிதில் மறக்க முடியவில்லை.

எழுத்தில் தொனி தொலைகிறது என்பதை அளந்தும் பார்த்திருக்கிறார்கள். ஜஸ்டின் க்ரூகர், நிக்கோலஸ் எப்லி குழுவினரின் 2005-ஆம் ஆண்டு ஆய்வில், கிண்டலாகச் சொன்னதா, மெய்யாகச் சொன்னதா என்பதை எதிரே இருப்பவர் 78 சதவீதம் சரியாகப் புரிந்துகொள்வார் என்று அனுப்பியவர்கள் நம்பினார்கள். குரலில் கேட்டவர்கள் 73 சதவீதம் சரியாகச் சொன்னார்கள். மின்னஞ்சலில் படித்தவர்கள் 56 சதவீதம். நாணயத்தைச் சுண்டிவிட்டுச் சொன்னாலே பாதி சரியாகிவிடும். நமக்கு நம் வார்த்தைகள் நம் குரலிலேயே கேட்பதால், பெறுபவருக்கும் அப்படியே கேட்கும் என்று நம்பிவிடுகிறோம். யேல் பல்கலைக்கழகத்தின் மைக்கேல் கிரவுஸ் 2017-இல் வெளியிட்ட ஐந்து பரிசோதனைகள் இன்னும் நுட்பமானவை. ஒருவரின் முகத்தையும் பார்த்துக் குரலையும் கேட்டவர்களைவிட, குரலை மட்டும் கேட்டவர்கள் அவருடைய உணர்ச்சியைத் துல்லியமாகக் கண்டுகொண்டார்கள். முகத்துக்கு வேடம் போடப் பழகியிருக்கிறோம். குரலுக்கு அந்தப் பயிற்சி அவ்வளவு இல்லை. பிள்ளையின் முகத்தைப் பார்க்காமலே அம்மா கண்டுபிடித்துவிடுவது இதனால்தான்.

மனிதர் கிடைக்காதபோது இயந்திரத்திடம் பேசுவதும் இப்போது வழக்கமாகி வருகிறது. ஆரம்பம் பழையது. 1966-இல் ஜோசஃப் வைசன்பாம் எலைசா என்ற சிறிய நிரலை எழுதினார். எதைச் சொன்னாலும் அதையே கேள்வியாகத் திருப்பிக் கேட்பதுதான் அதன் வேலை. அது எப்படி உருவானது என்று அருகிலிருந்து பார்த்த அவருடைய செயலாளரே, அதோடு சற்றுப் பேசியதும், தயவுசெய்து அறையை விட்டு வெளியே போங்கள் என்று அவரிடம் கேட்டுக்கொண்டார். இவ்வளவு எளிய நிரலோடு சிறிது நேரம் பேசினாலே சாதாரண மனிதர்களும் இப்படி மயங்கிவிடுகிறார்களே என்று வைசன்பாம் அதிர்ந்துபோனார். இன்றைய சாட்பாட்டுகள் அதைவிடப் பல மடங்கு திறமையானவை. 2025-இல், ஏறக்குறைய ஆயிரம் பேரை நான்கு வாரம் கவனித்த ஆய்வில், நாள்தோறும் அதிக நேரம் அவற்றோடு பேசியவர்களிடம் தனிமையும் சார்ந்திருக்கும் தன்மையும் கூடுதலாகக் காணப்பட்டன. எது காரணம், எது விளைவு என்பதை அதிலிருந்து பிரித்துச் சொல்ல முடியாது. நள்ளிரவில் பேச ஆளில்லாதவருக்கு அது ஒரு கைத்தாங்கலாக இருக்கலாம். ஆனால் அது இவருடைய குரலைக் கேட்டு மறுநாள் வீட்டுக் கதவைத் தட்டப்போவதில்லை.

போன் செய்து பேசுவது ஏன் இவ்வளவு கூச்சமாகிவிட்டது? அமித் குமார், நிக்கோலஸ் எப்லி இருவரும் 2021-இல் இதையும் பார்த்தார்கள். பழைய நண்பரோடு தொடர்புகொள்ளச் சொன்னபோது, பேசினால் சங்கடமாக இருக்கும், மின்னஞ்சலே மேல் என்று பலரும் நினைத்தார்கள். பேச வைத்துப் பார்த்தபோது நெருக்கம் கூடியது. அஞ்சிய சங்கடம் கூடவில்லை. அவர்களைத் தடுத்து வைத்திருந்தது தவறான ஓர் ஊகம் மட்டுமே.

லண்டனில் 1953-இல், வாழ்க்கை வெறுத்துப்போனவர்கள் அழைக்கலாம் என்று சாட் வாரா என்ற பாதிரியார் ஒரு தொலைபேசி எண்ணை அறிவித்தார். அழைத்தவர்களும் நேரில் வந்தவர்களும் அவரைப் பார்க்கக் காத்திருந்தபோது, தொண்டர்கள் தேநீர் கொடுத்து அவர்களோடு பேசிக்கொண்டிருந்தார்கள். சில மாதங்களில் பாதிரியார் ஒன்றைக் கவனித்தார். தொண்டரிடம் பேசி முடித்த பலருக்கு அவரைப் பார்க்க வேண்டிய தேவையே இருக்கவில்லை. படித்த படிப்பைவிடக் காதுகொடுத்தது வேலை செய்திருந்தது. சமாரிட்டன்ஸ் அமைப்பு அப்படித்தான் வளர்ந்தது. சென்னையில் 1986-இல் மனநல மருத்துவர் லட்சுமி விஜயகுமார் தொடங்கிய ‘சிநேகா’வும் தொண்டர்களின் காதுகளை நம்பி நடப்பதுதான்.

அந்தக் காதுகளுக்கு எவ்வளவு வலிமை உண்டு என்பதற்கு இன்னொரு சான்று இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் ஐந்து நகரங்களில் நடத்திய ஆய்வு அது. அவற்றில் சென்னையும் கொழும்பும் உண்டு. தற்கொலைக்கு முயன்று மருத்துவமனைக்கு வந்த 1,867 பேரை இரண்டு பிரிவாக்கினார்கள். ஒரு பிரிவினருக்கு வழக்கமான சிகிச்சை. மற்றவர்களுக்கு அதோடு ஒரு மணி நேர உரையாடல். பிறகு பதினெட்டு மாதத்தில் ஒன்பது முறை தொலைபேசியிலோ நேரிலோ விசாரிப்பு. எப்படி இருக்கிறீர்கள் என்று ஒருவர் கேட்டார், சொல்வதைக் கேட்டுக்கொண்டார். 2008-இல் வெளியான முடிவின்படி, முதல் பிரிவில் 2.2 சதவீதம் பேர் பின்னாளில் தற்கொலையால் இறந்திருந்தார்கள். விசாரிக்கப்பட்டவர்களில் 0.2 சதவீதம்.

இந்தியாவில் 14416 என்பது டெலி மானஸ் உதவி எண். 2022 அக்டோபர் 10 முதல் இயங்குகிறது. இரவு பகல் எந்நேரமும் கட்டணமின்றி, தமிழிலும் பேசலாம். இலங்கையில் தேசிய மனநல உதவி எண் 1926. நெடுநாளாக ‘ம்’ என்று மட்டும் பதில் அனுப்பிக்கொண்டிருக்கும் யாரோ ஒருவரின் பெயர் இதைப் படிக்கும்போது உங்களுக்கு நினைவு வந்திருந்தால், இன்று மாலை அவருக்கு எழுதாதீர்கள். கூப்பிட்டுப் பேசுங்கள்.